பிறர் தூண்டுதல் இன்றி!

மடவார் வளாகம்!

திருவில்லிபுத்தூரை ஒட்டிய அந்தப் பகுதியின் பெயரைச் சற்று நின்று சொல்லிப் பாருங்கள். மடவார் என்றால் மகளிர். மகளிர் பெயரால் ஒரு வளாகம்! அங்கே வைத்தியநாதசாமி கோயில் இருக்கிறது. கோயிலுக்கு ஒரு தலபுராணம் இருக்கிறது. பேறுகால வேதனையில் துடித்தாளாம் ஒருத்தி. துணைக்குத் தாய் வந்து சேரவில்லையாம். சிவனே தாயுருக் கொண்டு வந்து அருகிருந்து காத்தாராம். நம்புகிறவர்கள் நம்பட்டும், அந்த வழக்கை இன்று நாம் எடுக்கவில்லை. நாம் கேட்பது வேறு. இந்தக் கதையைக் கேட்டுக் கேட்டுக் கண்ணீர் சொரிந்த ஊரிலே, கணவனைப் பறிகொடுத்துப் பதினாறே நாளான ஒரு பெண்ணுக்குத் தாயாக வந்தவர் யார்?

வந்தார்கள். மைத்துனர்கள் வந்தார்கள், மாமன்மார் வந்தார்கள், பெரியவர்கள் வந்தார்கள். வந்தவர் கையிலே முத்திரைத்தாள் இருந்தது!

நாம் பள்ளியிலே தமிழ் கற்பிப்பவர். நம் வகுப்பில் ஒன்பதாவது படிக்கும் சிறுமி ஒருத்தி. அவள் தந்தை இராசபாளையத்துப் பக்கம் ஒரு நூற்பாலையில் இருபது ஆண்டு உழைத்தவர்; இரவு ஷிப்டு முடிந்து வந்து படுத்தவர் எழவில்லை. தாய், இந்தச் சிறுமி, இவளுக்குப் பின் ஒரு தம்பி, முதுமையில் தளர்ந்த பாட்டி – இவ்வளவுதான் அந்த வீடு. பதினாறாம் நாள் காரியம் முடிந்தது. பந்தி எழுந்தது. இலைகளை எடுத்துப் போடுமுன்பே பேச்சைத் தொடங்கிவிட்டார்கள்.

“ஒரு கையெழுத்துத்தானே மதினி! பணம் அம்மா பேரிலேயே வரட்டும். நாங்கள் பார்த்துக்கொள்ள மாட்டோமா?”

அந்தத் தாய்க்குத் தன் பெயரை எழுதத் தெரியும்; பத்திரத்தைப் படிக்கத் தெரியாது. படித்துக் காட்டும் பணி மகளுக்கு வந்தது. தந்தையின் சேமநிதி, பணிக்கொடை, இன்னும் வரவேண்டியவை அனைத்திலும் தனக்கோ தன் மக்களுக்கோ எந்தப் பாத்தியதையும் இல்லை என்று தன் தாய் எழுதிக் கொடுப்பதாகத் தயாரிக்கப்பட்ட விடுதலைப் பத்திரத்தை, பதினான்கு வயது மகள் உரக்கப் படித்தாள். அதன் இறுதியில் வழக்கமான ஒரு வாசகம்: பிறர் தூண்டுதல் இன்றி, முழு மனச் சம்மதத்துடன் எழுதிக் கொடுப்பதாக.

மறுநாள் பள்ளிக்கு வந்தவள் நம்மிடம் கேட்டாள்:

“தூண்டுதல்னா என்ன சார்?”

சொன்னோம். ஒருவர் தாமாகச் செய்யாத செயலை மற்றவர் சொல்லிச் சொல்லி, நெருக்கி நெருக்கிச் செய்ய வைப்பது என்றோம்.

“அப்போ அதிலே எழுதியிருக்கிறது பொய்தானே சார்?”

நாம் பட்டம் பெற்றவர்தாம். இலக்கணம் தெரியும், இலக்கியம் தெரியும். இறந்த தொழிலாளியின் பணம் யாருக்குரியது என்று தெரியாது. அந்தக் கேள்விக்கு விடை தேட நமக்கு ஒரு வாரம் பிடித்தது. படித்ததையும் கேட்டறிந்ததையும் இங்கே எழுதுகிறோம். இதைப் படிக்கும் இல்லங்களில் எத்தனை முத்திரைத்தாள்கள் கையெழுத்துக்குக் காத்துக் கிடக்கின்றனவோ, யார் கண்டார்!

பணம் ஒன்றல்ல

முதல் சூழ்ச்சி சொல்லிலேயே தொடங்குகிறது. “ஆலைப் பணம்” என்கிறார்கள். ஏதோ ஒரே மூட்டை போலவும், அதைத் தூக்குகிறவர் தோளுக்கே அது சொந்தம் போலவும் பேசுகிறார்கள். அது ஒரு மூட்டையல்ல, நான்கு. ஒவ்வொன்றுக்கும் ஒரு விதி.

ஒன்று, வருங்கால வைப்பு நிதி. தொழிலாளி தன் வாயைக் கட்டி வயிற்றைக் கட்டி மாதந்தோறும் விட்ட பணமும், அதோடு முதலாளி கட்டிய பங்கும் சேர்ந்தது. 1952-ஆம் ஆண்டுச் சட்டத்தால் பிறந்தது.

இரண்டு, பணிக்கொடை. 1972-ஆம் ஆண்டுச் சட்டம் இதற்கு ஒரு கணக்கு வகுத்தது. கடைசி மாத ஊதியத்தை இருபத்தாறால் வகுத்துப் பதினைந்தால் பெருக்க வேண்டும். வருவதைப் பணியாண்டுகளால் பெருக்க வேண்டும். 13,000 ரூபாய் ஊதியத்தில் இருபது ஆண்டு உழைத்தவனுக்கு 1,50,000 ரூபாய். ஐந்தாண்டு முடித்திருக்க வேண்டும் என்ற நிபந்தனை, உழைப்பவன் இறந்துவிட்டால் இல்லை.

மூன்று, பணியிலிருக்கும்போதே இறந்தவர்க்கான காப்பீடு. 1976-இல் வந்த திட்டம் இது. தொழிலாளி தனியே ஒரு காசும் கட்டுவதில்லை. 2021-இல் இதன் உச்சவரம்பு ஏழு இலட்சம் ரூபாய் ஆயிற்று. இப்படி ஒன்று இருப்பதையே அறியாத வீடுகள் எத்தனை!

நான்கு, குடும்ப ஓய்வூதியம். 1995-ஆம் ஆண்டுத் திட்டத்தின்படி, இறந்த உறுப்பினரின் மனைவிக்கு மாதந்தோறும் வருவது. அதன் குறைந்த அளவை 2014-இல் அரசு ஆயிரம் ரூபாயாக வரையறுத்தது. மக்களில் இருவருக்கு, இருபத்தைந்து வயது வரையில், தாய் பெறுவதில் கால் பங்கு வீதம் தனியே உண்டு.

இந்த நான்காவதை யாரும் எழுதி வாங்கவே முடியாது. இறந்தவரே எழுதி வைத்திருந்தாலும் செல்லாது! இரயில்வே ஊழியர் ஒருவர் தமக்குச் சேரவேண்டியதைத் தம் உடன்பிறந்தவருக்கு உயில் எழுதிவிட்டு இறந்தார். உயிலைத் தூக்கிக்கொண்டு உடன்பிறந்தவர் ஓடினார். மனைவி வயலட் ஐசக் வழக்காடினார். 1991-இல் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது: குடும்ப ஓய்வூதியம் இறந்தவர் விட்டுச் சென்ற சொத்தே அல்ல, அது விதிகள் சுட்டுகின்ற குடும்பத்தார்க்கு நேரே உரியது, ஆகவே அதை உயிலால் திருப்ப முடியாது. கணவனே எழுதிக் கொடுக்க முடியாததை, பதினாறாம் நாள் பந்திக்கு வந்தவர்கள் எழுதி வாங்கப் பார்க்கிறார்களே, இந்தத் துணிவை என்னவென்று சொல்வது!

கை வேறு, உடைமை வேறு

இரண்டாவது சூழ்ச்சி, ‘நாமினி’ என்னும் சொல்லிலே ஒளிந்திருக்கிறது.

“அண்ணன் அம்மா பேரைத்தானே நாமினியாகப் போட்டிருக்கிறார்? அப்புறம் என்ன பேச்சு?” என்று கேட்டார்கள் அந்த வீட்டிலே. வேலையில் சேர்ந்த நாளில், மணமாகாத இளைஞன், கொடுத்த படிவத்தில் தாயின் பெயரை எழுதினான். இயல்புதான். பிறகு மணந்தான், மக்களைப் பெற்றான், படிவத்தை மறந்தான். மறதியை மகாசாசனமாக்கி மருமகள் முன் நீட்டுகிறார்கள்.

நியமனம் என்பது என்ன? பணத்தைப் பெற்றுக்கொள்ள ஒரு கையைக் காட்டுவது. கை வேறு, உடைமை வேறு. தபால்காரன் மணியார்டர் பணத்தை வாசலில் நின்றவரிடம் தந்தான் என்பதற்காக, வாசலில் நின்றவர் வீட்டுக்காரர் ஆகிவிடுவாரா? ஆயுள் காப்பீட்டுப் பணத்தைப் பற்றி, சர்பதி தேவி வழக்கில் 1983-இலேயே உச்சநீதிமன்றம் இதைத்தான் சொன்னது: நியமனதாரர் பெற்றுக்கொள்ளலாம், உரிமை வாரிசுச் சட்டப்படி. காப்பீட்டைப் பொறுத்தவரை 2015-இல் சட்டத்தைத் திருத்தி, பெற்றோர், மனைவி அல்லது கணவன், மக்கள் ஆகியோர் நியமிக்கப்பட்டிருந்தால் அவர்களுக்கே அது பயன்பட வழி செய்தார்கள். அதனால்தான் சொல்கிறோம், ஒவ்வொரு பணத்துக்கும் ஒரு விதி. விதியைப் படிக்காமல் ‘நாமினி, நாமினி’ என்று முழங்குவது வீண் கூச்சல்.

மடவார் வளாகத்து வழக்கைப் போலவே ஒன்று உச்சநீதிமன்றம் வரையில் சென்றது. 2025 டிசம்பரில் தீர்ந்தது. நாட்டுப் பாதுகாப்புக் கணக்குத் துறையில் 2000-ஆம் ஆண்டு சேர்ந்தார் ஓர் ஊழியர். பொது வைப்பு நிதிக்குத் தாயை நியமித்தார். 2003-இல் மணந்தார். வேறு சில கணக்குகளில் மனைவி பெயரை எழுதியவர், இந்த ஒன்றை மட்டும் மாற்றாமல் விட்டார். 2021-இல் இறந்தார். தாய் ஒரு பக்கம், மனைவி ஒரு பக்கம்! மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் இருவர்க்கும் பாதிப் பாதி என்றது. மும்பை உயர்நீதிமன்றம் தாய்க்கே என்றது. உச்சநீதிமன்றம் மீண்டும் பாதிப் பாதி என்றது. காரணம்? அவர் நிரப்பிய படிவத்திலேயே அச்சிட்ட எழுத்தில் இருந்தது: குடும்பம் ஏற்பட்டதும் இந்த நியமனம் செல்லாது என்று. நியமனம் செல்லாதபோது குடும்பத்தார்க்குச் சம பங்கு.

பாதிப் பாதி! இந்த இரண்டு சொல்லைக் கேட்க ஒரு தாயும் ஒரு மனைவியும் மூன்று மன்றங்களின் படியேறினார்கள், நான்கு ஆண்டு காத்தார்கள். மகனை இழந்த துயரும் கணவனை இழந்த துயரும் ஒரே துயர். அதைப் பகிர்ந்துகொள்ள வேண்டிய இருவரும் வாதியும் பிரதிவாதியுமாய் நின்றார்கள். வழக்கு மன்றம் அதன் கடமையைச் செய்தது. ஆனால் இந்தத் தீர்ப்பைத் திண்ணையிலே உட்கார்ந்து முதல் மாதமே சொல்லியிருக்க முடியாதா? முடியும். திண்ணையில் உட்காருகிறவர்களுக்கு விதி தெரிந்திருக்க வேண்டும். தெரிந்ததைச் சொல்ல நெஞ்சும் இருக்க வேண்டும்.

தாயின் பங்கும் மருமகளின் பங்கும்

இங்கே ஒன்றை உறுதியாகச் சொல்லிவிடுகிறோம். பாட்டியின் பங்கை நாம் மறுக்கவில்லை. மறுப்பவர் இருந்தால் அவரையும் எதிர்ப்போம். 1956-ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டம், உயில் எழுதாமல் இறந்த ஆணின் முதல் வரிசை வாரிசுகளாக மனைவி, மகன், மகள் ஆகியோரோடு தாயையும் வைத்து, இவர்களுக்குச் சமமான பங்கு வகுத்தது. மற்றச் சமயத்தார்க்கு அவரவர் சட்டம். இந்த வீட்டில் மனைவி, மகள், மகன், தாய் என நால்வர். அந்தச் சட்டப்படி பிரியவேண்டிய பணிக்கொடை ஒன்றரை இலட்சம் என்றால் தலைக்கு 37,500. சிறுவர் பங்கைத் தனியே வைப்பிலிட்டு அவர்கள் வளரும்வரை காக்க வேண்டும் என்றும் பணிக்கொடைச் சட்டம் கட்டளையிட்டது.

நால்வரில் மூவர் பெண்கள். அந்தக் கணக்கிலே தம்பிமார் எங்கே? மாமன்மார் எங்கே? இல்லை! தாயும் மனைவியும் மக்களும் உயிரோடிருக்க, உடன்பிறந்தாருக்கு அதில் ஒரு காசு இல்லை. அதனால்தான் அவர்கள் தம் பெயரால் கேட்பதில்லை, தாயின் பெயரால் கேட்கிறார்கள். பெண்ணின் பங்கைப் பறிக்க, இன்னொரு பெண்ணை முன்னே நிறுத்துகிறார்கள். மாமியார்–மருமகள் சண்டை என்று ஊர் சிரிக்கிறது; சண்டையை மூட்டியவர்கள் நடுவர்களாய் நாற்காலியில் அமர்கிறார்கள்.

அந்தப் பத்திரம் நிறைவேறியிருந்தால் பாட்டிக்கு என்ன கிடைத்திருக்கும்? பணம் அவர் பெயரில் வரும்; வங்கிப் புத்தகம் மகன் சட்டைப்பையில் இருக்கும். அவர் கைநாட்டு வைத்தவுடன் அவர் வேலை முடிந்தது. கிழவியைப் பத்து நாள் பெரியவன் வீட்டிலும், பத்து நாள் சின்னவன் வீட்டிலும் என்று பங்கு போடுவார்கள். பணத்துக்கு மட்டும் ‘அம்மா’, பராமரிப்புக்கு ‘கிழவி’!

அவர்கள் வாதங்கள்

வாதங்களுக்கும் பஞ்சமில்லை. ஒவ்வொன்றாய்ப் பார்ப்போம்.

“இளம் வயசுக்காரி. நாளைக்கு வேறு கல்யாணம் பண்ணிக்கொண்டு போய்விட்டால்?”

போனால் என்ன? மனைவியை இழந்த ஆண், சாம்பல் ஆறுமுன் மறுமணம் பேசுகிறான். அவன் வாங்கிய சொத்தை யாரும் திருப்பிக் கேட்பதில்லை. விதவை மறுமணத்தை ஏற்ற 1856-ஆம் ஆண்டுச் சட்டமே, மணந்தால் முதல் கணவன் சொத்தை விட்டுவிடு என்று ஒரு கையால் தந்து மறு கையால் பறித்தது. அந்தச் சட்டத்தை 1983-இல் நீக்கிவிட்டார்கள். வாரிசுரிமைச் சட்டத்தில் எஞ்சியிருந்த தடையையும் 2005-இல் எடுத்துவிட்டார்கள். மறுமணத்தால் நிற்பது அவளுடைய குடும்ப ஓய்வூதியமே. வாரிசாகப் பெற்ற பங்கு அவளுடையது. செத்துப்போன சட்டத்தைத் தோண்டியெடுத்து வந்து, உயிரோடிருப்பவளை மிரட்டுகிறார்கள்.

“மகளுக்கு என்ன பங்கு? நாளைக்குச் சீர் செய்யத்தானே போகிறோம்!”

சீர் என்பது தருகிறவர் மனம்போல் தருவது. பங்கு என்பது கேட்டு வாங்கும் உரிமை. பங்கை விழுங்கிவிட்டுச் சீரைக் காட்டுவது, ஆட்டைத் தின்றுவிட்டு எலும்பைத் தானம் செய்வது. பெண்களுக்கும் ஆண்களைப் போலச் சொத்துரிமை வேண்டும் என்று 1929-இல் செங்கற்பட்டு மாநாடு தீர்மானித்தது. அறுபது ஆண்டு கழித்து, 1989-இல், மூதாதையர் சொத்தில் மகளுக்கும் பிறப்பால் பங்கு என்று தமிழ்நாட்டுச் சட்டம் சொன்னது. 2005-இல் நாடு முழுதும் அதைப் பின்பற்றியது. சட்டமன்றம் ஏற்றது, நாடாளுமன்றம் ஏற்றது. இந்தத் திண்ணை மட்டும் இன்னும் ஏற்கவில்லை!

“அண்ணன் கடன் இருக்கிறதே, யார் அடைப்பது?”

கடன் இருந்தால் கணக்கைக் காட்டட்டும். ஆனால் வைப்பு நிதிப் பணத்தின்மேல் கடன்காரன் கை வைக்க முடியாது. தொழிலாளி பட்ட கடனுக்காக அதைப் பற்றக் கூடாது என்றது 1952-ஆம் ஆண்டுச் சட்டத்தின் பத்தாம் பிரிவு. உழைத்தவன் வீடு தெருவில் நிற்கக் கூடாது என்பதற்காக இட்ட வேலி அது. அந்த வேலியைத் தாண்ட வட்டிக்காரனே அஞ்சுகிறான், உடன்பிறந்தவன் தாண்டுகிறான்.

“கோர்ட்டு வாசல் ஏறினால் குடும்ப மானம் என்ன ஆவது?”

மானம் என்ற சொல்லைப் பெண்ணின் வாயை அடைக்கவே வைத்திருக்கிறார்கள். ஒன்பதாவது படிக்கும் பெண்ணின் படிப்பு நின்று, அவள் ஏதோ ஒரு வேலைக்குப் போக நேர்ந்தால் அதில் போகாத மானம், தாய் தன் பங்கைக் கேட்டால் மட்டும் போய்விடுமா?

குற்றவாளி ஒருவன், கூண்டில் இருவர்

இதைவிடக் கொடிய காட்சியும் உண்டு. இறந்தவனுக்கு இரண்டு வீடு. இரண்டு பெண்கள் அலுவலக வாசலில் தலைமுடியைப் பிடித்துக்கொள்கிறார்கள். ஊர் வேடிக்கை பார்க்கிறது. குற்றம் செய்தவனோ மாலையும் மரியாதையுமாய்ப் போய்ச் சேர்ந்துவிட்டான்!

இருதார மணத்தைத் தடுக்கும் சட்டம் சென்னை மாகாணத்தில் 1949-இலேயே வந்தது. 1955-இல் இந்தியா முழுவதும் உள்ள இந்துக்களுக்கு வந்தது. பீகாரில் அரசு ஊழியர் ஒருவர் இரண்டாவதாக ஒருத்தியை மணந்து, இறந்தபின் எழுந்த ராமேஸ்வரி தேவி வழக்கில், 2000-ஆம் ஆண்டு உச்சநீதிமன்றம் சொன்னது இது: இரண்டாம் மணம் செல்லாது, ஆகவே இரண்டாமவள் சட்டப்படி விதவையாகாள், ஆனால் அவள் பெற்ற மக்கள் முறையான மக்களே, அவர்களுக்குப் பங்கு உண்டு. மக்களைக் காத்த தீர்ப்பை வரவேற்கிறோம். ஆயினும் அந்த இரண்டாமவளை எண்ணிப் பாருங்கள். முதல் மனைவி இருப்பதையே சொல்லாமல் ஏமாற்றப்பட்டவளாய் இருந்தால், அவள் கதி என்ன? ஏமாற்றியவன் செத்தான், ஏமாந்தவள் தண்டனை அனுபவிக்கிறாள். மணப்பெண் வீட்டார் சாதகம் பார்க்கிறார்கள், பொருத்தம் பார்க்கிறார்கள், செவ்வாய் தோஷம் பார்க்கிறார்கள். மாப்பிள்ளைக்கு ஏற்கெனவே மனைவி உண்டா என்று பார்ப்பதில்லை!

மணத்தைப் பதிவு செய்யுங்கள் என்று நாம் மன்றாடுவதும் இதனால்தான். புரோகிதரில்லாத சுயமரியாதைத் திருமணம் செல்லாது என்று சென்னை உயர்நீதிமன்றம் 1953-இல் சொன்னது. 1967-இல் தமிழகச் சட்டமன்றம் இயற்றிய திருத்தம், முன் நடந்தவற்றையும் சேர்த்துச் செல்லும் என்றது. மாலை மாற்றி மணந்தவளும் முழு உரிமை கொண்ட மனைவி. ஆனால் கணவன் இறந்தபின், “மணம் நடந்ததற்குச் சாட்சி எங்கே?” என்று கேட்கும் நாக்கு இன்னும் அடங்கவில்லை. எல்லா மணங்களையும் பதிவு செய்ய வேண்டும் என்று 2009-ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுச் சட்டம் கூறுகிறது. ஒரு தாள், அந்த ஒரு தாள் ஆயிரம் நாக்குகளை அடக்கும்.

சட்டத்தையும் கேட்கிறோம்

திண்ணையை மட்டும் குறை கூறிச் சட்டத்துக்குத் தீபாராதனை காட்ட நாம் வரவில்லை. வைப்பு நிதித் திட்டத்தின் எழுபதாம் பத்தியைப் படித்தபோது நமக்குச் சினம் பிறந்தது. நியமனம் இல்லாதபோது குடும்பத்தார்க்குச் சம பங்கு என்றது அந்தப் பத்தி. கூடவே சிலரை விலக்கியது. வயது வந்த மகனுக்குப் பங்கில்லை. சரி, உழைத்துப் பிழைப்பான், திக்கற்றவர்க்கு முதலிடம் என்கிறார்கள். அடுத்து? கணவன் உயிரோடிருக்கும் மணமான மகளுக்குப் பங்கில்லை!

மகனுக்கு அளவுகோல் அவன் வயது. மகளுக்கு அளவுகோல் அவள் கணவனின் மூச்சு! குடிகாரக் கணவனிடம் அடிபட்டுத் தந்தை வீட்டிலேயே வாழ்ந்திருந்தாலும், அவன் எங்கோ மூச்சு விட்டுக்கொண்டிருந்தால் அவள் மகளல்லளாம். மகன் மணந்தாலும் மகன். மகள் மணந்தால் மற்றவன் மனைவி. இந்தப் பழைய நஞ்சு மனுவின் ஏட்டில் இருந்தால் வியப்பில்லை. விடுதலை பெற்ற நாட்டில் 1952-இல் எழுதிய திட்டத்திலே ஏன் இருக்க வேண்டும்?

சட்டம் மாறும், மாற்ற முடியும். கணவனோடு விவாகரத்து வழக்கோ, குடும்ப வன்முறை வழக்கோ, வரதட்சணை வழக்கோ நடக்கும்போது, மத்திய அரசுப் பெண் ஊழியர் தம் குடும்ப ஓய்வூதியத்துக்குக் கணவனுக்கு முன்பாக மக்களைக் குறிப்பிடலாம் என்று 2024 சனவரியில் விதியைத் தளர்த்தினார்கள். ஒரு விதியிலே பெண்ணின் கண்ணீர் தெரிந்தது என்றால் மற்ற விதியிலும் தெரியவேண்டும்.

என்ன செய்வது?

உழைக்கும் தோழர்களே! இன்று மாலை வீடு திரும்பியதும் ஒரு வேலை செய்யுங்கள். உங்கள் நியமனப் படிவத்தில் யார் பெயர் இருக்கிறது என்று பாருங்கள். மணத்துக்கு முன் எழுதியதா? மாற்றுங்கள். தாய்க்கு ஒரு பங்கு, மனைவிக்கு ஒரு பங்கு, மக்களுக்கு ஒரு பங்கு என்று நீங்களே எழுதுங்கள். எழுதியதை மனைவியிடம் படித்துக் காட்டுங்கள். சாவைப் பற்றிப் பேசினால் சாவு வரும் என்று அஞ்சாதீர்கள். பேசாவிட்டாலும் அது வரும். வரும்போது கூடவே முத்திரைத்தாளும் வரும்.

ஆலைகளே, அலுவலகங்களே! ஊழியர் இறந்தால் மாலையோடு ஒரு தாளும் அனுப்புங்கள். எந்தெந்தக் கணக்கில் எவ்வளவு, அதற்கு விதி என்ன, யாருக்கு என்று தமிழில் எழுதி, விதவையின் கையிலே கொடுங்கள். “எல்லாரும் ஒத்து வந்து கையெழுத்துப் போடுங்கள்” என்று ஒரு சொல்லில் கைகழுவாதீர்கள். அந்த ஒரு சொல்தான் வலியவனுக்கு வாய்ப்பு, எளியவளுக்குச் சுருக்கு.

தாய்மார்களே! படிக்காத பத்திரத்தில் கையெழுத்திடாதீர்கள். படித்ததிலும் அன்றே இடாதீர்கள். வட்டாட்சியர் தரும் வாரிசுச் சான்றிதழ், வாரிசுகள் யார் என்று மட்டுமே சொல்லும், பங்கைத் தீர்க்காது. வழக்கறிஞருக்குக் கொடுக்கப் பணமில்லையே என்று கலங்கவும் வேண்டாம். 1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டப்படி, பெண் என்ற ஒரே தகுதி போதும். வருமானம் கேட்காமல் இலவசச் சட்ட உதவி தரவேண்டும். 15100 என்ற எண்ணில் கேட்கலாம். விருதுநகர் மாவட்டத்தின் முதன்மை நீதிமன்றமே திருவில்லிபுத்தூரில்தான் இருக்கிறது. மடவார் வளாகத்துப் பெண்ணுக்கு அது கூப்பிடு தூரம். சண்டையிட விருப்பமில்லையா? மக்கள் நீதிமன்றம் இருக்கிறது. அங்கே இரு தரப்பும் மனமொப்பிச் செய்துகொள்ளும் உடன்பாடு நீதிமன்றத் தீர்ப்புக்குச் சமம். மேல்முறையீடு கிடையாது. நிலுவையிலிருந்த வழக்கானால் கட்டிய நீதிமன்றக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும்.

சமரசத்தை நாம் வெறுக்கவில்லை. சமரசம் வேண்டும், அவசியம் வேண்டும். ஆனால் சமரசம் என்பது தன் பங்கு எவ்வளவு என்று அறிந்த இருவர், சமமாக அமர்ந்து செய்துகொள்வது. ஒருவர் நாற்காலியிலும் ஒருத்தி வாசற்படியிலும் இருந்து செய்துகொள்வதற்கு வேறு பெயர் உண்டு.

அந்தச் சிறுமியின் கேள்விக்கு வருவோம். ஒரு வாரம் கழித்து அவள் வீட்டுக்குப் போனோம். பத்திரம் கையெழுத்தாகாமல் அரிசிப் பானைக்கு அடியில் கிடந்தது. “பொய்யிலே எப்படி சார் கையெழுத்துப் போடறது?” என்று மகள் கேட்டதையே தாயும் கேட்டார். நாம் அறிந்ததைச் சொன்னோம். நான்கு பங்கு என்றோம். சுவரோரம் சாய்ந்திருந்த பாட்டி, அதுவரை ஒன்றும் பேசாதவர், தலையை நிமிர்த்தினார்.

“எனக்கும் ஒண்ணா? அவனுக இதைச் சொல்லவே இல்லையே!”

மருமகள் முகத்தை மாமியார் பார்த்தார். மாமியார் முகத்தை மருமகள் பார்த்தார். திங்கட்கிழமை காலை இருவரும் ஒன்றாகவே சட்ட உதவி மையத்துக்குப் போவதென்று முடிவாயிற்று. படித்துக் காட்டுவதற்குச் சிறுமியும் உடன் போனாள். அன்றைக்கு நாம் அவளுக்கு விடுப்புக் கொடுத்தோம்.

அந்த முடிவுக்கு அவர்களை யாரும் நெருக்கவில்லை. அந்தப் பத்திரத்தின் வாசகம் அவர்களைப் பொறுத்தவரை அன்றுதான் உண்மையாயிற்று: பிறர் தூண்டுதல் இன்றி, முழு மனச் சம்மதத்துடன்!